தேவதாரு மரத்தை சிங்கப்பூரில் வளர்க்க முடியுமா?

ஈசூன் செல்வி:
எல்லாருக்கும் வணக்கம். ஜூன் விடுமுறையில் குடும்பத்தோடு மணாலி போய் வந்தோம். அங்கே ஹடிம்பா கோயிலைச் சுற்றி தேவதாரு மரங்கள் வானத்துக்கு உயர்ந்து நிற்பதைப் பார்த்ததிலிருந்து என் மகனுக்கு வேறு பேச்சே இல்லை. மரத்தடியில் ரோஜாப்பூ மாதிரி மரக்காய்கள் கிடந்தன, அதையெல்லாம் படம் எடுத்து வைத்துக்கொண்டு "நம்ம வீட்டுலயும் ஒண்ணு வைக்கலாம்மா" என்று தினமும் கேட்கிறான். நாங்கள் இருப்பது வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீடு, ஆனால் கடைசி வீடு என்பதால் தாழ்வாரத்தில் நல்ல வெயில் வரும். என் தங்கைக்கு சிராங்கூன் பக்கம் தரைவீடு, சின்னத் தோட்டமும் உண்டு. இணையத்தில் விதை விற்கிறார்கள். வாங்கிப் போடலாமா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பூமலைப் பிரியன்:
செல்வி அக்கா, விதைக்குக் காசு போடாதீர்கள். முளைக்கும், அதுதான் ஏமாற்றும். இரண்டு வாரம் ஈரத்தோடு குளிர்பதனப் பெட்டியில் வைத்து எடுத்தால் தேவதாரு விதை நன்றாகவே முளைவிடும், ஆனால் நம் புழுக்கத்தில் நாற்றின் அடித்தண்டு அழுகிச் சாய்ந்துவிடும், அதைத் தாண்டினாலும் மரமாகாது.

இது மேற்கு இமயமலையில் ஏறக்குறைய 1,500 மீட்டரிலிருந்து 3,000 மீட்டருக்கும் மேல் வரை வளரும் மரம். பனிக்காலத்தில் வளர்ச்சியை நிறுத்தி ஓய்வெடுக்கும், வசந்தம் வந்ததும் புதுத் துளிர் விடும். இங்கே வருடம் முழுக்க ஒரே பருவம், அந்த ஓய்வே கிடைக்காது. அதைவிடப் பெரிய சிக்கல் இரவு. பகலில் இலை சேர்த்த மாவுச்சத்தில் ஒரு பங்கை மரம் இரவில் தன் சுவாசத்துக்கே செலவழிக்கிறது, சூடு கூடக்கூட அந்தச் செலவும் கூடும், நமக்கோ இரவில்கூட 23 டிகிரிக்குக் கீழே இறங்குவது அபூர்வம். குளிர்மலை மரம் கொஞ்சம் கொஞ்சமாக இளைத்துப் போகும்.

மகன் பார்த்த அந்த ரோஜா, காயின் நுனிப்பகுதி. தேவதாருவின் காய் முழுசாக விழாது, முற்றியதும் மரத்திலேயே செதில் செதிலாக உதிர்ந்து சிறகுள்ள விதைகளைக் காற்றில் விட்டுவிடும், நுனி மட்டும்தான் அந்த வடிவத்தில் கீழே வந்து விழும். அவனிடம் சொல்லுங்கள், சந்தோஷப்படுவான். அப்புறம், வெளிநாட்டு விதை எதுவானாலும் தருவிப்பதற்கு முன்னால் தேசியப் பூங்காக் கழகத்தின் இறக்குமதி விதிகளைப் பாருங்கள்.

குமரன்_தோபாயோ:
ஏர்கான் அறையில் போன்சாயாக வைத்தால்? தேவதாரு போன்சாய் படங்கள் நிறையப் பார்த்திருக்கிறேன்.

பூமலைப் பிரியன்:
தம்பி, அந்தப் படங்கள் எல்லாம் குளிர்காலம் உள்ள ஊர்களில் வெளியே வளர்ப்பவை. அறைக்குள் வெளிச்சம் போதாது, இந்த மரத்துக்கு நேர்வெயில் வேண்டும். ஏர்கான் 22 டிகிரி தரும், அது பனிக்காலம் ஆகுமா? கரையோரப் பூந்தோட்டங்களில் மேகக் காடு என்ற குளிரூட்டிய கண்ணாடிக் கூடத்திலேயே 23லிருந்து 25 டிகிரி வரைதான் வைத்திருக்கிறார்கள்.

மல்லிகா அக்கா:
செல்விம்மா, பையனை ஏமாற்ற வேண்டாம், அவனுக்குப் பிடித்த மாதிரி உயரமான ஊசியிலை மரம் நம் ஊருக்கே பொருந்துகிற மாதிரி இருக்கிறது. குக் பைன். தென் பசிபிக்கில் நியூ கலிடோனியாதான் அதன் சொந்த ஊர், 1774இல் கேப்டன் குக் அந்தத் தீவுக்குப் போனதால் அந்தப் பெயர். வெப்பமண்டலத் தாழ்நிலத்தில் நன்றாக வரும். ஆண்டுக்கடைசியில் நர்சரிகளில் கிறிஸ்துமஸ் மரம் என்று தொட்டியில் விற்பார்களே, நார்ஃபோக் பைன் என்று எழுதியிருந்தாலும் பெரும்பாலும் இதுவாகத்தான் இருக்கும், சின்ன வயதில் இரண்டையும் பிரித்தறிவது கஷ்டம்.

இதில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம் ஒன்று. இந்த மரங்கள் பூமத்திய ரேகையை நோக்கிச் சாய்கின்றன, வடக்கே இருந்தால் தெற்காக, தெற்கே இருந்தால் வடக்காக! 2017இல் ஆய்வாளர்கள் பல நாட்டு மரங்களை அளந்து எழுதினார்கள், ரேகையை விட்டுத் தள்ளிப்போகப் போகச் சாய்வும் கூடுகிறதாம். நாம் ரேகைக்குப் பக்கத்திலேயே இருப்பதால் இங்கே நேராக நிற்க வாய்ப்பு அதிகம். மகனை ஒரு தூக்குநூல் கட்டி அளக்கச் சொல்லுங்கள்.

வாங்கும்போது ஒன்று பாருங்கள். அடர்த்தியாகத் தெரியட்டும் என்று ஒரே தொட்டியில் பல நாற்றுகளை நட்டிருப்பார்கள். ஒற்றைத் தண்டு உள்ளதாகக் கேளுங்கள். உச்சிக்குருத்து உடையாமல் இருக்கவேண்டும், பக்கக்கிளையை வெட்டி நட்டால் அது படுத்தவாக்கில்தான் வளரும், நிமிராது.

ஈசூன் செல்வி:
மல்லிகா அக்கா, பிரியன், ரொம்ப நன்றி. தூக்குநூல் என்றதும் பையன் குதித்துவிட்டான். தங்கை வீட்டுத் தோட்டத்தில் நட்டால் எவ்வளவு உயரம் போகும்? தாழ்வாரத்தில் தொட்டியில் வைக்கலாமா?

மல்லிகா அக்கா:
சொந்த ஊரில் 60 மீட்டர் வரை போகும் மரம் அம்மா. வீட்டை ஒட்டி, வேலி ஓரம், மின்கம்பிக்குக் கீழே எங்கேயும் வேண்டாம், சின்னத் தோட்டம் என்கிறீர்கள், தொட்டியிலேயே இருக்கட்டும். தொட்டியில் வளர்ச்சி மெதுவாக இருக்கும், நீர் வடிய ஓட்டை நன்றாக இருக்கவேண்டும், காலை வெயில் போதும். தாழ்வாரத்தில் வைத்தால் நடக்க 1.2 மீட்டர் இடைவெளி விட்டாகவேண்டும், அது தீயணைப்பு விதி, கைப்பிடிச் சுவர்மேல் மட்டும் வைத்துவிடாதீர்கள். இடம் போதவில்லை என்றால் போடோகார்ப்பஸ் பாருங்கள், அதுவும் ஊசியிலை இனம்தான், எவ்வளவு கத்தரித்தாலும் தாங்கும்.

குமரன்_தோபாயோ:
அக்கா, குக் பைன் இப்போது கிடைக்குமா, இல்லை டிசம்பர் வரை காத்திருக்க வேண்டுமா?

மல்லிகா அக்கா:
தாம்சன் சாலைப் பக்கம், சுங்கை தெங்கா பக்கம் நர்சரிகளில் கேட்டுப்பாருங்கள் தம்பி. நவம்பர் கடைசியில் கண்டிப்பாக வரும், அப்போது விலை கொஞ்சம் ஏறியிருக்கும்.