லாக்குக்கும் ஜெபர்சனுக்கும் நடுவில் யார்? உதவி தேவை

முதுகலை அரசியல் அறிவியல் மாணவர்களுக்காக, 1776 அமெரிக்க விடுதலைப் பிரகடனம் பற்றி ஒரு குறிப்பு தயாராகிறது. ஓரிடத்தில் முட்டி நிற்கிறது.

17ஆம் நூற்றாண்டு ஆங்கிலத் தத்துவ அறிஞர் ஜான் லாக்கின் தடம் பிரகடனத்தின் ஒரு பகுதியில் பளிச்சென்று தெரிகிறது. அவரது 'அரசாங்கம் பற்றிய இரண்டாம் ஆய்வுரை', 225ஆம் பத்தி: ஆட்சியின் பெரிய தவறுகளைக்கூட மக்கள் பொறுத்துப்போவார்கள், ஒரே நோக்கத்தோடு நீண்டுகொண்டே போகும் அத்துமீறல்களைப் பொறுக்கமாட்டார்கள். பிரகடனத்தை வரைந்த ஜெபர்சன், நீண்டுகொண்டே போகும் அத்துமீறல்கள் என்ற இதே சொற்றொடரைத்தான் கையாள்கிறார்.

சிக்கல் உரிமைப் பட்டியலில். லாக்கிடம் (87ஆம் பத்தி) உயிர், சுதந்திரம், உடைமை. பிரகடனத்தில் உடைமை போய், மகிழ்ச்சியை நாடுதல் வந்துவிட்டது. 'ஜெபர்சன் லாக்கை விட்டு விலகினார்' என்று கைடுகள் ஒரே வரியில் முடித்துவிடுகின்றன. அது நிற்காது. லாக்கே 'மனித அறிவு பற்றிய கட்டுரை'யின் 2ஆம் நூல், 21ஆம் அத்தியாயத்தில் மகிழ்ச்சியை நாடுவதைச் சுதந்திரத்தின் அடித்தளம் என்கிறார். போதாததற்கு, 1776 ஜூனில் ஏற்கப்பட்ட விர்ஜீனியா உரிமைப் பிரகடனத்தில் (ஜார்ஜ் மேசன் வரைந்தது) சொத்து, மகிழ்ச்சி இரண்டுமே இருக்கின்றன.

மகிழ்ச்சியை நாடும் உரிமை ஜெனிவாவின் சட்ட அறிஞர் பர்லமாக்கியிடமிருந்து வந்தது என்றும் ஒரு வாதம் உண்டு. அவருடைய இயற்கைச் சட்ட நூலில் (1747) இதற்கு எந்த அத்தியாயம் பார்க்க வேண்டும்? மேசன் வழியா, பர்லமாக்கி வழியா என்று எடைபோடும் ஆய்வுக் கட்டுரை இருந்தாலும் சொல்லுங்கள்.

பக்க எண் வேண்டாம், பதிப்புக்குப் பதிப்பு மாறும். அத்தியாயமும் பத்தியும் போதும். மாண்டெஸ்கியூவின் அதிகாரப் பிரிவினை இதில் சேராது, அது தனிக் கதை.