தலைப்பிரட்டை ஆகாத தவளை: ‘நேரடி வளர்ச்சி’க்கு வேறு சொல் உண்டா?

அனைவருக்கும் வணக்கம்.

தலைப்பிரட்டைப் பருவம் இல்லாமல் முட்டைக்குள்ளேயே தவளையாகிவிடுவதை ஆங்கிலத்தில் ‘direct development’ என்கிறார்கள். அதற்குத் தமிழில் என்ன சொல்வது என்று ஆளுக்கொரு சொல் முன்மொழியும் இந்த இழையை மூன்று நாளாகப் படித்துவிட்டுப் பேசாமல் இருந்தேன். நேற்று ஜாலஹள்ளி ஐயா தனிமடலில் “நீ என்னப்பா சொல்றே?” என்று கேட்டுவிட்டார். அதனால் நீளமாகவே எழுதுகிறேன், பொறுத்தருள்க.

நம் சிறுவர் கையேட்டில் இப்போது இருக்கும் வரி இது:

> புதர்த்தவளைகள் நேரடி வளர்ச்சி முறையைக் கொண்டவை.

அந்தப் பக்கத்தை எழுதிய தம்பி மேல் பிழை இல்லை. ஆனால் ‘நேரடி’ என்றதும் எனக்கு நினைவுக்கு வருவது நேரடி நெல் கொள்முதல் நிலையம்தான். நேரடி வரி, நேரடி ஒளிபரப்பு, நேரடி நியமனம் என்று எங்கே வந்தாலும் நடுவில் ஏதோ ஒன்று இல்லை என்று பொருள். இங்கே நடுவில் இல்லாதது எது என்பதுதான் பிள்ளைகள் தெரிந்துகொள்ள வேண்டிய செய்தி. அதை இந்தச் சொல் விழுங்கிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை வகுப்பில் இந்த வரியை வாசித்துக் காட்டினேன். “அப்போ மறைமுக வளர்ச்சியும் இருக்கா அங்கிள்?” என்று ஒருத்தி கேட்டாள். இருக்கிறது, அதுதான் வேடிக்கை. நம் வீட்டுத் தவளையே அப்படித்தான்.

அல்சூரில் எங்கள் மாடியில் பழைய சிமென்ட் தொட்டி ஒன்று உண்டு. போன ஜூன் மழையில் அதன் உட்சுவரில், நீர்மட்டத்துக்கு ஒரு சாண் மேலே, கைப்பிடி அளவு நுரை ஒட்டிக்கொண்டிருந்தது. யாரோ சவரம் செய்துவிட்டுக் கையை உதறியது போல. தொட்டால் மேலே பொருக்கு, உள்ளே ஈரம். குளியலறைச் சுவரில் அவ்வப்போது வந்து ஒட்டுமே பழுப்பு நிற மரத்தவளை, அது பின்னங்கால்களால் அடித்து அடித்துச் செய்த கூடு. காவலாளி எட்டிப் பார்த்துவிட்டுக் கன்னடத்தில் “மரகப்பெ, பிடி அம்மா” என்றார். மரத்தவளை, விட்டுவிடுங்கள் என்கிறார். திருநெல்வேலியிலிருந்து வந்து பத்து நாள்கூட ஆகாத என் அம்மா காதில் அது நம்மூர்ப் ‘பிடி’யாக விழுந்து, வாளியை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டார். நல்லவேளை, தடுத்துவிட்டேன். நான்காம் நாள் நுரையின் அடிப்பக்கம் இளகித் தலைப்பிரட்டைகள் ஒவ்வொன்றாகத் தண்ணீரில் சொட்டின. அப்புறம் கால் முளைத்து, வால் கரைந்து, எல்லாம் நாம் பாடப்புத்தகத்தில் வரைந்து மதிப்பெண் வாங்கிய கதை.

புதர்த்தவளைக்கு இந்தத் தொட்டியே வேண்டாம். ஈரமான மண்ணிலோ இலையிலோ முட்டை. அந்த முட்டையை உடைத்துக்கொண்டு வருவது தவளை. நகம் அளவுதான் இருக்கும், ஆனால் நாலு காலோடு வரும். மேற்குத் தொடர்ச்சி மலையில் இப்படி வாழும் ஒரு பெரிய பேரினத்துக்கு 2010இல் ‘ராவோர்க்கெஸ்டிஸ்’ என்று பெயர் வைத்தார்கள். பெயரின் முன்பாதி பேராசிரியர் சி. ஆர். நாராயண ராவ். நம் பெங்களூர் சென்ட்ரல் காலேஜில் விலங்கியல் நடத்தியவர். 1932இல் ‘கரன்ட் சயின்ஸ்’ இதழ் தொடங்கியபோது அதன் ஆசிரியர். 1937இல் தென்னிந்தியத் தவளைகள் பலவற்றைப் புதிதாக விவரித்தவர். அவர் சேர்த்து வைத்த மாதிரிகள் பின்னால் தொலைந்துபோயின. பின்பாதி கிரேக்கத்தில் ஆடுபவர். ஊதா வழித்தட மெட்ரோவில் போகிறவர்கள் சென்ட்ரல் காலேஜ் நிறுத்தத்தில் ஒரு தரம் இந்த மனிதரை நினைத்துக்கொள்ளலாம். கையேட்டில் அவருக்கு ஒரு பெட்டிச்செய்தி கட்டாயம் வேண்டும். இது சொல் விவாதம் அல்ல, ஆனாலும் சொல்லிவைக்கிறேன்.

இந்தக் கூட்டத்தில் நமக்கு மிக நெருக்கமானது களக்காடு – முண்டந்துறைக் காட்டில் இருக்கிற ஒரு சிறு தவளை. ஓரங்குல நீளம். 1876இல் குந்தர் என்ற விலங்கியலாளர் விவரித்தார். அதன்பின் நூறாண்டுக்கு மேல் யார் கண்ணிலும் படவில்லை. மறுபடி கிடைத்தபோது அது எங்கே குடியிருந்தது தெரியுமா? மலையாளத்தில் ‘ஈற்ற’ என்கிற நாணல் மூங்கிலின் கணுவிடைக்குள். பூச்சியோ எலியோ துளைத்த, சில மில்லிமீட்டரே அகலமுள்ள பிளவு வழியாக உடம்பை நெருக்கி உள்ளே போகிறது. உள்ளே ஐந்து முதல் எட்டு முட்டை வரை. பெண் இட்டுவிட்டுப் போய்விடும், ஆண் காவல் இருக்கும். சேஷாத்ரி, குருராஜா, பிக்ஃபோர்டு என்ற ஆய்வாளர்கள் இதை வெளியிட்டார்கள். பிற்பாடு காவல் இருந்த ஆணை அப்புறப்படுத்திப் பார்த்தபோது முட்டைகள் அழிந்தன. அதே இனத்து வேறு ஆண்களே வந்து தின்றன. அப்பன் உட்கார்ந்திருப்பது சும்மா இல்லை. கல்லுக்குள் தேரை என்று நாம் பழமொழியாகச் சொல்லிக்கொண்டிருந்தோம். இது மூங்கிலுக்குள் குடித்தனமே நடத்தியிருக்கிறது.

இதன் ஆங்கிலப் பொதுப்பெயரை மொழிபெயர்த்துக் ‘குமிழ்க்கூட்டுத் தவளை’ என்று வரைவில் ஓரிடத்தில் வந்திருக்கிறது. தயவுசெய்து எடுத்துவிடுங்கள். இது குமிழும் கட்டுவதில்லை, நுரையும் கட்டுவதில்லை. யாரோ வைத்த தவறான பெயரை நாம் தூயதமிழில் தவறாகச் சொல்ல வேண்டிய அவசியம் இல்லை. ‘நுரைக்கூடு’ என்ற சொல் மாடித்தொட்டித் தவளைக்கே இருக்கட்டும்.

இனி முன்மொழிவுகளுக்கு வருகிறேன்.

> தலைப்பிரட்டையிலா வளர்ச்சி

கே.ஆர்.புரம் அக்கா சொன்னது. படித்ததும் புரிகிறது, பாதி வேலை முடிந்தது. இடிக்கிற இடம் ஒன்றுதான். இந்தக் கலைச்சொல் தவளைக்கு மட்டும் உரியதல்ல. கடல் முள்ளெலிகளிலும் இளவுயிரி (லார்வா) பருவத்தைத் தாண்டிவிடும் இனங்கள் உண்டு; அங்கே தலைப்பிரட்டைக்கு எங்கே போவது? கூடவே ஒரு சிறு சங்கடம்: ‘பிரட்டை’ தனியாக நிற்காத சொல். சுருக்கிப் ‘பிரட்டையிலி’ என்றால் திட்டுவது போல இருக்கிறது.

> உருமாற்றமிலி வளர்ச்சி

இது உண்மைக்கே மாறானது. உருமாற்றம் இல்லாமல் போகவில்லை, முட்டைக்குள் நடந்து முடிகிறது. புவேர்ட்டோ ரிக்கோ தீவின் ‘கோக்கீ’ என்ற மரத்தவளையை இதில் மிக விரிவாக ஆராய்ந்திருக்கிறார்கள். கத்துகிற கத்தே அதன் பெயர்: ‘கோ’ மற்ற ஆண்களுக்கு, ‘கீ’ பெண்ணுக்கு. அதன் கரு முட்டைக்குள் இருக்கும்போதே கால் முளைக்கிறது. மெல்லிய, இரத்தக்குழாய் படர்ந்த அகன்ற வால் ஒன்றும் இருக்கிறது. நீந்துவதற்கு அல்ல, மூச்சுக்கு. பொரிக்கும் தறுவாயில் அந்த வால் கரைகிறது. கரைப்பது தைராய்டு சுரப்பு, தலைப்பிரட்டையின் வாலைக் கரைக்கிற அதே சுரப்பு. மேலுதட்டில் இருக்கும் கூர்முனையால் முட்டையைக் கிழித்துக்கொண்டு வெளியே வருகிறது. (அந்தக் கூர்முனைக்கு ‘முட்டைப்பல்’ போதும் என்று நினைக்கிறேன், இதில் சண்டை வேண்டாம்.)

> குடம்பை வளர்ச்சி

ஜாலஹள்ளி ஐயாவுடைய இந்தச் சொல்லில் இரண்டு நாள் மயங்கிக் கிடந்தேன். “குடம்பை தனித்தொழியப் புள்பறந் தற்றே” என்ற குறளுக்குப் பரிமேலழகர் குடம்பையை முட்டை என்றே கொள்கிறார். கூடென்றால் பறவை திரும்பி வருமே, முட்டைக்குத் திரும்பாதே என்பது அவர் வழக்கு. முழு உருவோடு கிளம்பி, திரும்பிப் பாராமல் போகும் உயிர். நம் தவளைக்கு அளவெடுத்துத் தைத்தது போல இருக்கிறது. ஆனால் ஐயா, இணையத்தில் லார்வாவுக்குக் ‘குடம்பி’ என்று எழுதி அது ஓரளவு நிலைத்துவிட்டது. ‘குடம்பியைத் தாண்டும் குடம்பை வளர்ச்சி’ என்று நாமே எழுத வேண்டிவரும். பிள்ளைகள் பாவம்.

இதையெல்லாம் இரவு சாப்பிடும்போது அம்மாவிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். அம்மா ரசத்தை ஊற்றிக்கொண்டே, “அப்பம் நேரா தவளையாவே பொரிச்சிருதுன்னு சொல்லு” என்றார். தட்டில் கை நின்றுவிட்டது. ‘நேர்’ இருக்கிறது, ஆங்கிலச் சொல்லோடு உறவும் அறவில்லை. ‘பொரித்தல்’ இருக்கிறது, எங்கே நடக்கிறது என்பது தெரிந்துவிடுகிறது. தலைப்பிரட்டை என்ற சொல் வராததால் தவளைக்கு மட்டும் என்று கட்டுப்படவும் இல்லை.

என் முன்மொழிவு: நேர்பொரிப்பு. அடைமொழியாக, நேர்பொரித் தவளை. மற்றதற்கு இடைநிலைப் பொரிப்பு என்றெல்லாம் இணைச்சொல் தேட வேண்டாம். ‘தலைப்பிரட்டை வழி வளர்ச்சி’ என்று விளக்கிவிடலாம்.

முட்டையிலிருந்து வரும் குட்டித் தவளைக்கும் ஒரு வரி. ‘தவளைக்குஞ்சு’ என்றால் பலர் தலைப்பிரட்டையைத்தான் நினைப்பார்கள். தொல்காப்பிய மரபியல், பார்ப்பும் பிள்ளையும் பறப்பவற்றின் இளமைப்பெயர் என்று சொல்லி, “தவழ்பவை தாமும் அவற்றோ ரன்ன” என்கிறது. தவளை தாவுவதாயிற்றே, தவழ்வதா என்று யாரும் கேட்காதீர்கள். அணிற்பிள்ளை, கீரிப்பிள்ளை வரிசையில் ‘தவளைப்பிள்ளை’ நன்றாக இருக்கிறது.

அன்புடன்,
அல்சூரிலிருந்து

———

அல்சூர்த் தம்பிக்கு,

‘தலைப்பிரட்டையிலா’வை விட்டுக்கொடுக்கிறேன், கடல் முள்ளெலி மேல் எனக்குக் கோபம் இல்லை. ஆனால் ‘நேர்பொரிப்பு’ என்று படித்ததும் எண்ணெய்ச்சட்டிதான் கண்ணில் வந்தது. எங்கள் வீட்டுக்காரர் திரையைப் பார்த்துவிட்டு “தவளைப் பொரிப்பா? எந்த ஓட்டலில்?” என்றார். பிள்ளைகள் சிரிக்க மாட்டார்களா?

கே.ஆர்.புரம் அக்கா

———

அக்கா,

சிரிக்கட்டும். நாமக்கல்லில் எத்தனை குஞ்சு பொரிப்பகம் இருக்கிறது, எந்தப் பெயர்ப்பலகையிலாவது எண்ணெய் வாடை வருகிறதா? பக்கத்தில் முட்டை இருந்தால் ‘பொரி’ தானாக இடம் தெரிந்து உட்கார்ந்துகொள்ளும். அதனால் முதல் தடவை வரும் இடத்தில் மட்டும் முட்டையைச் சேர்த்தே எழுதிவிடலாம்:

“புதர்த்தவளையின் முட்டையிலிருந்து தலைப்பிரட்டை வராது. நாலு காலோடு தவளைப்பிள்ளையே வரும். இதற்கு நேர்பொரிப்பு என்று பெயர்.”

———

எல்லோருக்கும்,

குடம்பையை எடுத்துக்கொண்டு நான் வீட்டுக்குப் போகிறேன். வேறு எதற்காவது ஆகும். நேர்பொரிப்புக்கு என் ஒப்புதல். மேலே உள்ள மூன்று வரியும் அப்படியே போகட்டும், அந்தப் பக்கத்தை எழுதிய தம்பி அதைத் திருத்தி வெள்ளிக்கிழமைக்குள் அனுப்பிவிடவும். அச்சகத்தில் தட்டச்சு செய்கிற பையன் போன தடவை ‘பொரி’யை ‘பொறி’ ஆக்கித் தவளைக்குக் கண்ணி வைத்துவிட்டான். மெய்ப்பை என்னிடம் காட்டாமல் ஏற்றாதீர்கள்.

ஜாலஹள்ளி