கார்மென் சாந்தோஸ்: படங்கள் கிடைக்காத நட்சத்திரத்தை எப்படி மதிப்பிடுவது?

கேள்வி:
வணக்கம். மாரியோ பெய்ஷோத்தோ இயக்கிய 'லிமிட்டி' (1931) என்னும் பிரேசில் மௌனப்படத்தைப் பார்த்தேன். அதில் சிறு வேடமொன்றில் வந்துபோகும் கார்மென் சாந்தோஸ் அக்காலத்தில் அந்நாட்டின் பெரிய நட்சத்திரங்களுள் ஒருவர் என்று படித்து வியந்தேன். அவர் நடித்த படங்களில் பல இன்று கிடைப்பதில்லை. அப்படியிருக்க, அவருடைய புகழ் எதனால் வந்தது? அவரைச் சிறந்த நடிகை என்று சொல்ல நம்மிடம் ஆதாரம் உண்டா?

மறுமொழி 1:
அவர் 1904-இல் போர்ச்சுகலில் பிறந்து, சிறுமியாக இருந்தபோதே குடும்பத்துடன் ரியோ டி ஜெனீரோவுக்கு வந்தவர். முதல் படமான 'உருத்தாவ்' 1919-இல் எடுக்கப்பட்டும் திரையரங்குகளுக்கு வரவில்லை. 1920-களின் நடுவில் அவரே முன்னின்று தொடங்கிய 'ஆ கார்னி', 'மதாம்வசெல் சினிமா' ஆகிய இரண்டும் மக்களைச் சென்றடையவில்லை. ஆனாலும் அவருடைய ஒளிப்படங்கள் இதழ்களில் தொடர்ந்து வெளிவந்தன. குறிப்பாக 1926-இல் தொடங்கிய 'சினியார்த்தி' இதழ், ஹாலிவுட்டுக்கு நிகரான நட்சத்திரங்கள் பிரேசிலிலும் உண்டு என்று காட்ட முனைந்து அவரைப் போன்றவர்களை முன்னிறுத்தியது. ரசிகர்கள் அவரைத் திரையில் காண்பதற்கு முன்பே அவர் முகத்தை அறிந்திருந்தார்கள். மினாஸ் ஜெராய்ஸ் மாநிலத்தின் கத்தாகுவாசெஸ் என்ற சிற்றூரில் உம்பெர்த்தோ மவுரோ இயக்கிய 'சாங்கி மினேய்ரோ' (1929) வந்த பிறகுதான் அந்த முகத்துக்கு நடிப்பும் சேர்ந்தது. நல்லவேளையாக அந்தப் படம் இன்றும் இருக்கிறது.

மறுமொழி 2:
மேலே நண்பர் சொன்னவை சரியே. ஆயினும் நடிப்பை மட்டும் அளவுகோலாகக் கொண்டால் அவருக்கு நியாயம் செய்ய முடியாது என்பது என் உறுதியான கருத்து. 'சாங்கி மினேய்ரோ'வின் தயாரிப்பிலும் அவருக்குப் பங்கு உண்டு. 1933-இல் அவர் சொந்த நிறுவனம் தொடங்கி, 'பிரேசில் வாக்ஸ் ஃபில்ம்' என்று பெயரிட்டார்; அமெரிக்காவின் ஃபாக்ஸ் நிறுவனம் ஆட்சேபித்ததால் அது 'பிரேசில் வீத்தா ஃபில்ம்' ஆயிற்று. ஜவுளித் தொழிலதிபரான அவருடைய வாழ்க்கைத் துணைவரின் செல்வம் பின்னால் இருந்தது என்பது உண்மைதான், ஆனால் அந்தப் பணத்தை ரியோவில் ஒரு படப்பிடிப்பு நிலையமாக மாற்றிய துணிவு அவருடையது. அவருடைய நிறுவனத்துக்காக மவுரோ இயக்கிய 'ஃபாவேலா டோஸ் மேயுஸ் அமோரெஸ்' (1935) படத்துக்காகக் குன்றின்மேல் இருந்த ஏழைக் குடியிருப்புக்கே படப்பிடிப்புக் கருவிகள் கொண்டுசெல்லப்பட்டன. அது தொலைந்துபோனதை பிரேசில் சினிமாவின் மிகப்பெரிய இழப்புகளில் ஒன்றாகவே நான் கருதுகிறேன்.

கேள்வி கேட்டவர்:
மிக்க நன்றி. அவர் இயக்கவும் செய்தாரா?

மறுமொழி 3:
ஆம், ஒரே ஒரு படம். 1789-இல் போர்ச்சுகீசிய ஆட்சிக்கு எதிராக மினாஸ் ஜெராய்ஸில் உருவான சதியையும், அதற்காக 1792-இல் தூக்கிலிடப்பட்ட தீராதென்தெசையும் பற்றிய 'இன்கான்ஃபிதென்சியா மினேய்ரா'. தயாரிப்பு, இயக்கம், நடிப்பு மூன்றையும் அவரே ஏற்றார். பல ஆண்டுகள் இழுத்தடித்து 1948-இல் வெளிவந்த அப்படம் வசூலில் தோல்வி கண்டது. 1952-இல், 48 வயதில், அவர் புற்றுநோயால் காலமானார். பிரேசிலில் பெண்கள் படம் இயக்குவது மிக அரிதாக இருந்த காலம் அது. கிளேயோ டி வெர்பெரெனா, ஜில்டா டி அப்ரேயு என்று வெகு சிலரே அவருக்கு முன்னோடிகள்.

நடிப்பைப் பற்றிய உங்கள் ஐயத்துக்கு, மவுரோவின் 'ஆர்ஜிலா'வைப் பாருங்கள். அமேசான் ஆற்றின் முகத்துவாரத்திலுள்ள மராஜோ தீவின் பழங்கால வடிவங்களைக் கொண்டு மட்பாண்டம் செய்யும் கலைஞன்மீது ஈடுபாடு கொள்ளும் செல்வந்தக் கைம்பெண்ணாக அவர் வருகிறார். பேசும்பட நடிப்பாக அதில் சற்று விறைப்பு தெரியும். ஆனால் கேமரா முகத்தருகே வரும்போது, மௌனப்படக் காலத்தில் பழகிய அந்தக் கண்கள் வசனத்தைவிடத் தெளிவாகப் பேசுகின்றன. முதலில் 'சாங்கி மினேய்ரோ', அடுத்து 'ஆர்ஜிலா' என்ற வரிசையில் பார்ப்பது நல்லது.