மறு: விளையாட்டு ‘தொடங்கவில்லை’ – கிளம்பு / கிளப்பு முன்மொழிவு

அன்புள்ள குழும நண்பர்களுக்கு,

வணக்கம். இந்த இழையை இன்று காலை முதல் மடலிலிருந்து ஒருமுறை வாசித்தேன். விளையாட்டுகளைத் திறந்துதரும் மென்பொருளை நாம் தமிழாக்குவதில் ‘லாஞ்ச்’ (launch) என்பதற்கு ஏவு, துவக்கு, தொடங்கு, இயக்கு என நான்கு சொற்கள் வந்திருக்கின்றன, நான்குக்கும் ஆதரவாளர்கள் இருக்கிறார்கள். எனக்கு நான்குமே போதவில்லை. விளையாட்டு திறக்காமல் திரையையே பார்த்துக்கொண்டிருப்பவருக்கு அடுத்து என்ன செய்வது என்று அந்தச் சொல் கொஞ்சமாவது காட்ட வேண்டும். இந்த நான்கும் அதைக் காட்டவில்லை.

> ‘தொடங்கவில்லை’ என்றாலே எல்லாருக்கும் புரிகிறதே, புதுச்சொல் எதற்கு?

புரிகிறது ஐயா. ஆனால் ஒவ்வொருவருக்கும் ஒவ்வொன்றாகப் புரிகிறது. சொடுக்கியதும் ஒன்றுமே நடக்கவில்லை என்பவர் சொல்வதும் ‘தொடங்கவில்லை’தான். படம் ஒரு நொடி வந்து மறைந்தது என்பவரும், கறுப்புத் திரையிலேயே நிற்கிறது என்பவரும் அதையேதான் சொல்கிறார்கள். போதாததற்கு, விளையாட்டுக்குள் போனபின் முகப்புப் பட்டியலில் ‘தொடங்கு’ என்று ஒரு பொத்தான் இருக்கிறது. அதை அழுத்தியும் ஆட்டம் ஆரம்பிக்காதவரும் ‘தொடங்கவில்லை’ என்றுதான் எழுதுவார். நான்கும் வெவ்வேறு பழுதுகள், மருந்தும் வெவ்வேறு.

இதில் நானே இரண்டு நாள் வீணடித்திருக்கிறேன். அக்கா மகன் அழைத்து, “மாமா, கேம் ஓபனே ஆகல” என்றான். பழைய விளையாட்டு, அக்காவின் மடிக்கணினி. ‘ஓபன் ஆகல’ என்றதும் விளையாட்டு ஓடத் தேவையான நூலகக் கோப்பு (டிஎல்எல்) ஏதோ இல்லை என்று முடிவுகட்டிவிட்டேன். விஷுவல் சி++ நூலகங்களை 32 பிட், 64 பிட் இரண்டும் நிறுவச் சொன்னேன். டைரக்ட்எக்ஸ் 9 காலத்துத் துணைக்கோப்புகளுக்கான 2010 ஜூன் தொகுப்பை நிறுவச் சொன்னேன். விளையாட்டை அழித்து மறுபடி போடச் சொன்னேன். பிள்ளை சலிக்காமல் எல்லாம் செய்தான். பலனில்லை.

மறுநாள் மாலை நேரில் போய்ப் பார்த்தபோதுதான் தெரிந்தது, அந்த விளையாட்டு ஒவ்வொரு முறையும் ஒழுங்காகவே புறப்பட்டிருக்கிறது. நிறுவிய கோப்புறைக்குள் நடப்பதை நிரல் வரிவரியாகக் குறித்துவைக்கும் பதிவுக் கோப்பு (லாக்) ஒன்று இருந்தது. ஒவ்வொரு முயற்சிக்கும் அதில் இருபது முப்பது வரிகள். எல்லா முயற்சியும் ஒரே வரியில் அறுந்திருந்தன: சேமிப்புக் கோப்புறையின் பாதை. பயனர் பெயர் வரவேண்டிய இடத்தில் வரிசையாக ஐந்து கேள்விக்குறிகள்.

அக்கா தன் விண்டோஸ் கணக்கை ‘அம்மா’ என்று தமிழில் உருவாக்கியிருந்தார். நம் கண்ணுக்கு அது மூன்றெழுத்து. யூனிகோடில் அ, ம, புள்ளி, ம, கால் என ஐந்து குறியீடுகள். யூனிகோடு அறியாத பழைய நிரல்கள் அந்தந்த மொழிக்கான பழைய குறிமுறை அட்டவணை வழியாகத்தான் எழுத்தை வாசிக்கும். அந்த நிரல்கள் எடுத்துக்கொள்ளக்கூடிய அட்டவணை விண்டோஸில் தமிழுக்குக் கிடையாது. அதனால் ஐந்து குறியீடும் ஐந்து கேள்விக்குறி ஆகிவிட்டன. கேள்விக்குறியோ விண்டோஸ் கோப்புப் பெயரில் வரக்கூடாத குறி. கோப்புறையைத் திறக்க முடியாமல் விளையாட்டு அங்கேயே உயிரை விட்டிருக்கிறது. கணக்கின் பெயரை மாற்றினால் உள்ளே கோப்புறையின் பெயர் மாறாது. ஆங்கில எழுத்தில் புதிய கணக்கு ஒன்றை உருவாக்கி அதிலிருந்து திறந்தோம், உடனே வந்தது. சொந்த மொழியில் பெயர் வைத்துக்கொண்டதற்காக ஒரு பிள்ளைக்கு விளையாட்டு கிடைக்காமல் போனது எனக்கு இன்னும் ஆறவில்லை. அது வேறு இழைக்கு உரிய பேச்சு.

இங்கே நான் சொல்ல வருவது, அவன் ‘திறந்து மூடிக்கொள்கிறது’ என்று சொல்லியிருந்தால் நான் முதல் கேள்வியாகப் பதிவுக் கோப்பைக் கேட்டிருப்பேன். அதைச் சொல்ல அவனிடம் சொல் இல்லை. கேட்க என்னிடமும் இல்லை.

‘தொடங்கு’ ஏன் போதாது என்று மேலே சொல்லிவிட்டேன். இனி மற்ற மூன்று சொற்களையும் பார்ப்போம்.

‘இயக்கு’ நமக்கு ஆகவே ஆகாது. வரைகலை அட்டையின் மென்பொருளை ‘இயக்கி’ என்கிறோம், விண்டோஸை ‘இயங்குதளம்’ என்கிறோம். பழுது நீக்கும் குறிப்பில் “இயக்கியைப் புதுப்பித்து மீண்டும் இயக்கவும்” என்று எழுதினால் எதை இயக்குவது?

‘துவக்கு’ பற்றி ஈழத்து நண்பர் எழுதிய மடலைச் சிலர் கவனிக்காமல் கடந்துவிட்டீர்கள். அங்கே துவக்கு என்றால் துப்பாக்கி. சுடும் விளையாட்டின் முகப்பில் ‘துவக்கு’ என்று ஒரு பொத்தானை வைத்தால் ஆயுதத்தைத் தேர்ந்தெடுக்கச் சொல்வதாகவே அவர்கள் எடுத்துக்கொள்வார்கள். ஒரே தமிழுக்கு ஒரே மொழிபெயர்ப்புக் கோப்பு போதும் என்று நாம் எல்லாரும் ஒப்புக்கொண்ட பிறகு இதை விட முடியாது.

‘ஏவு’ நல்ல சொல், ஏவுகணையும் ஏவுதளமும் நிலைத்துவிட்டன. ஆனால் அது பிறவினையாக மட்டுமே நிற்கிறது. நான் ஏவலாம், விளையாட்டு தானாக ‘ஏவ’ முடியாது. ‘ஏவப்படவில்லை’ என்று செயப்பாட்டுவினைக்குத்தான் போகவேண்டும். திரையில் ஐம்பது இடத்தில் ‘ஏவப்படவில்லை’, ‘ஏவப்படுகிறது’ என்று வந்தால் வாசிப்பவருக்கு மூச்சு முட்டும்.

எனவே என் முன்மொழிவு: கிளம்பு, கிளப்பு.

வண்டி கிளம்பவில்லை என்கிறோம், வண்டியைக் கிளப்பு என்கிறோம். திரும்பு–திருப்பு, நிரம்பு–நிரப்பு, எழும்பு–எழுப்பு போல இதுவும் தன்வினையும் பிறவினையும் இணையாக அமைந்த சொல். கிளப்புவது நாம், கிளம்புவது விளையாட்டு. பொத்தானில் ‘கிளப்பு’. கீழே ‘கிளம்புகிறது…’. விளையாட்டுகளைத் திரட்டி வைத்துத் திறந்துதரும் ஸ்டீம் போன்ற மென்பொருளுக்குக் ‘கிளப்பி’.

இந்த இணையால் இன்னொரு நன்மையும் வருகிறது. ‘கிளப்ப முடியவில்லை’ என்றால் குறை கிளப்பியின் பக்கம்: உள்நுழைவு காலாவதி, புதுப்பிப்பு பாதியில், வைரஸ் தடுப்பான் விளையாட்டின் முதன்மைக் கோப்பையே தனிமைப்படுத்திவிட்டது, இப்படி. ‘கிளம்பவில்லை’ என்றால் கிளப்பி தன் வேலையைச் செய்துவிட்டது, குறை அதற்கு அப்பால். வெறும் ஒரு மெய்யெழுத்து மாறினாலே தேட வேண்டிய இடம் மாறுகிறது.

> கிளப்பு என்றால் புரளி கிளப்புவது நினைவுக்கு வருகிறது. கொச்சையாகவும் இருக்கிறது.

எதைக் கிளப்புகிறோம் என்பதைப் பொறுத்தது அம்மா. தூசியைக் கிளப்புகிறோம், சந்தேகத்தைக் கிளப்புகிறோம், வண்டியையும் கிளப்புகிறோம். அடிப்பொருள் ஒன்றுதான்: கிடந்ததை எழச் செய்வது. பேச்சில் புழங்குகிறது என்பதை நான் தகுதியாகவே எண்ணுகிறேன். ஈழத்தில் ‘வெளிக்கிடு’ என்பதே பேச்சு வழக்கு என்றாலும், எழுத்தில் ‘கிளம்பு’ அவர்களுக்கும் புரியும், வேறு பொருளுக்கும் இழுக்காது. ‘கிளப்பி’ எச்சமாகவும் பெயராகவும் வருமே என்று ஒருவர் கேட்டிருந்தார். ‘இயக்கி’யும் அப்படித்தான் வருகிறது, யாரும் தடுமாறவில்லை.

அடுத்தது மூன்று நிலைகள். இங்கேதான் நாம் இன்னும் நேரம் செலவிட வேண்டும்.

முதலாவது, கிளம்பாமை. விளையாட்டின் சொந்த நிரலில் ஒரு வரிகூட ஓடாத நிலை. விண்டோஸ் ஒரு நிரலை ஏற்றும்போது அது கேட்கும் நூலகக் கோப்புகள் எல்லாம் இருக்கின்றனவா என்று பார்க்கும். ‘விசிரன்டைம்140’, ‘எம்எஸ்விசிபி140’ போன்ற பெயரைச் சொல்லி ‘டிஎல்எல் இல்லை’ என்று பெட்டி வந்தால் இதுதான். ‘7பி’ என்று முடியும் பிழை எண் வந்தால் பெரும்பாலும் 64 பிட் நிரலின் கையில் 32 பிட் நூலகம் சிக்கியிருக்கிறது. இந்த இடத்தில் அந்த ஒற்றைக் கோப்பை மட்டும் எங்கிருந்தோ இறக்கிக் கோப்புறையில் போடுவதுதான் பலரும் செய்யும் தவறு, பல நேரம் 7பி வருவதே அதனால்தான். முழுத் தொகுப்பையும் மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து நிறுவ வேண்டும். 2015 முதல் 2022 வரையான விஷுவல் சி++ பதிப்புகளுக்கு ஒரே தொகுப்பு போதும், 2005, 2008 போன்ற முந்தையவை தனித்தனி. எந்தத் தொகுப்பாலும் தீராத கிளம்பாமையும் உண்டு. 16 பிட் நிரல்களை 64 பிட் விண்டோஸ் ஏற்காது. சேஃப்டிஸ்க் என்னும் நகல் தடுப்புப் பூட்டுப் போட்ட பழைய வட்டு விளையாட்டுகளுக்கான ஆதரவு 2015-இல் விண்டோஸ் 10-உடன் போய்விட்டது. இதை அடையாளம் காண எளிய வழி, பதிவுக் கோப்பில் புதிய வரி எதுவும் இராது. எழுத வேண்டிய நிரல் எழவே இல்லையே.

இரண்டாவது, கிளம்பி முறிதல். அக்கா மகனுக்கு நடந்தது இது. நிரல் ஓடியது, பாதியில் அறுந்தது.

> ‘முளைக் கருகல்’ என்று வைக்கலாமே. முளையிலேயே கருகியது என்பது நம் வழக்குதானே.

வாசித்ததும் எனக்குப் பிடித்துப்போன சொல் இது. ஆனால் கணினி பழுது பார்ப்பவர் வாயில் ‘கருகிவிட்டது’ என்றால் பலகையோ மின்வழங்கியோ தீய்ந்துவிட்டது என்றே பொருள். திரையில் அதைப் பார்ப்பவர் வரைகலை அட்டையைக் கழற்றத் தொடங்கிவிடுவார். ‘செயலிழப்பு’ சிறுநீரகத்தைப் போல மெல்ல மெல்ல நேர்வதைச் சொல்கிறது. ‘முறிவு’ சட்டென நேர்வது, எலும்பு முறிவைப் போல அதற்கு ஓர் இடமும் உண்டு. இந்தப் பழுதில் நாம் தேடுவதே அந்த இடத்தைத்தான்: பதிவின் கடைசி வரி, அல்லது விண்டோஸ் பிழைகளைக் காட்டும் ஈவென்ட் வியூவரில் 1000 என்ற எண்ணோடு பதிவாகும் பிழையில் காணும் தொகுதிப் (மாட்யூல்) பெயர். அது வரைகலை இயக்கியின் கோப்பா, திரைமேல் மிதக்கும் வேறொரு மென்பொருளின் கோப்பா, விளையாட்டுடையதேவா என்று பார்த்தாலே பாதி வேலை முடிந்தது.

மூன்றாவதில்தான் எனக்கு உங்கள் உதவி வேண்டும். விளையாட்டு உயிரோடு இருக்கிறது, டாஸ்க் மேனேஜரில் தெரிகிறது, திரை மட்டும் கறுப்பு. ‘உறைந்தது’ என்று முந்தைய மடல்களில் எழுதியிருக்கிறீர்கள். அது அவசரத் தீர்ப்பு என்பது என் கருத்து. ஒரு சாளரம் ஐந்து நொடி பதில் பேசாவிட்டாலே விண்டோஸ் ‘பதிலளிக்கவில்லை’ என்று எழுதிவிடும். அந்த ஐந்து நொடியில் விளையாட்டு கடுமையாக உழைத்துக்கொண்டிருக்கலாம். முதல்முறை திறக்கும்போதும், வரைகலை இயக்கியைப் புதுப்பித்த பிறகும் ஷேடர்களை (திரையில் ஒளியும் நிறமும் தீட்டும் சிறு நிரல்களை) தொகுக்கச் சில விளையாட்டுகளுக்குப் பல நிமிடம் பிடிக்கும். ‘உறைந்தது’ என்று திரை சொன்னால் பயனர் பொறுமை இழந்து மூடிவிடுவார், அடுத்த முறை மறுபடி ஷேடர் தொகுப்பதிலேயே போய் நிற்கும். (ஷேடருக்குத் தமிழ் பிறகு பார்ப்போம், இந்த இழையில் வேண்டாம்.) சில நேரம் விளையாட்டு நன்றாகவே ஓடும், கழற்றிவிட்ட இரண்டாவது திரையில் சாளரம் போய்த் திறந்திருக்கும்.

மக்கள் இதை ‘பிளாக் ஸ்கிரீன்ல நிக்குது’ என்கிறார்கள். ‘நிற்கிறது’ சரியான சொல். நின்றது மீண்டும் நடக்கலாம், செத்துவிட்டதாகச் சொல்லவில்லை. ஆகவே ‘கிளம்பி நிற்கிறது’. ஈவென்ட் வியூவரும் பதிலில்லாமல் நின்றதை 1002 என்று தனி எண்ணில்தான் பதிகிறது. இயந்திரமே முறிவையும் நிற்பதையும் பிரித்து வைத்திருக்கும்போது நாம் ஒரே சொல்லில் கலப்பானேன்?

லினக்ஸில் விளையாடுவோரும் குழுமத்தில் இருக்கிறீர்கள். விண்டோஸ் விளையாட்டுகளை லினக்ஸில் ஓட்டித்தரும், 2018-இல் வெளிவந்த புரோட்டான் வழியாக ஓடும் விளையாட்டுகளுக்கும் இதே மூன்று நிலைகள் பொருந்துகின்றன. பதிவு எழுதும் வசதியை இயக்கினால் முகப்புக் கோப்புறையில் விளையாட்டின் எண்ணோடு ஒரு கோப்பு வந்து விழும். முரண்படும் எடுத்துக்காட்டு உங்களிடம் இருந்தால் எழுதுங்கள்.

மொழிபெயர்ப்புக் கோப்பில் நான் இப்போதைக்கு மாற்றியிருக்கும் வரிகள்:

கிளப்பு
கிளம்புகிறது…
கிளப்ப முடியவில்லை: முதன்மைக் கோப்பைக் காணவில்லை
விளையாட்டு கிளம்பவில்லை: தேவையான நூலகக் கோப்பு இல்லை
விளையாட்டு கிளம்பி முறிந்தது. பதிவுக் கோப்பைத் திறக்கவா?
விளையாட்டு கிளம்பி நிற்கிறது. காத்திருக்கவா, மூடவா?

இடைமுகத்துக்கு வினைச்சொற்களே போதும். கையேட்டுத் தலைப்புகளுக்குப் பெயர்ச்சொல் வேண்டியிருக்கிறது. முதலாவதற்குக் ‘கிளம்பாமை’ இருக்கிறது. இரண்டாவதற்குக் ‘கிளம்பல் முறிவு’ என்று வைத்திருக்கிறேன். மூன்றாவதற்குக் ‘கிளம்பல் நிற்பு’ என்று எழுதிப் பார்த்தேன், நாக்கில் ஒட்டவில்லை. ‘நிறுத்தம்’ என்றால் யாரோ வேண்டுமென்றே நிறுத்தியதாகிவிடுகிறது. ‘தேக்கம்’ பொருந்துமா? நீர் தேங்கினாலும் மடை திறந்தால் ஓடும் என்பதால் எனக்கு அதில் ஒரு சாய்வு உண்டு. ஞாயிற்றுக்கிழமைக்குள் உங்கள் கருத்தை எழுதினால் அடுத்த பதிப்புக்கான கோப்போடு சேர்த்து அனுப்பிவிடுவேன்.

அன்புடன்