அறுபதாம் கல்யாண ப்ளூரேயும் நான் மாத்தின பேரும்

2013-ல திருக்கடையூர்ல அப்பாவுக்கு அறுபதாம் கல்யாணம் பண்ணினோம். வீடியோக்காரர் ப்ளூரே டிஸ்க்காதான் கொடுத்தார். அப்பா இப்ப இல்லை. டிஸ்க்ல கீறல் விழுந்ததைப் பார்த்ததும் பதறிப்போய் எல்லாத்தையும் ஹார்ட் டிஸ்க்ல காப்பி பண்ணி வச்சேன்.

உள்ளே பிடிஎம்வின்னு, ப்ளூரேயோட எல்லா ஃபைலும் இருக்கிற ஃபோல்டர். படமெல்லாம் ஸ்ட்ரீம்ங்கிற ஃபோல்டர்ல 00000.எம்2டிஎஸ், 00001.எம்2டிஎஸ்னு வீடியோ ஃபைல்களா, துண்டு துண்டா கிடந்துச்சு. பென் டிரைவ்ல போட்டு டிவியில செருகினா கலசாபிஷேகம் முதல்ல வருது, கணபதி ஹோமம் கடைசியில வருது. அம்மாவுக்குப் புரியட்டும்னு 00004-க்கு 'அபிஷேகம்', 00006-க்கு 'மாங்கல்யம்'னு பேர் வச்சேன். அவ்வளவுதான், அதுவரை கம்ப்யூட்டர்ல மெனுவோட ஒழுங்கா ஓடின ஃபோல்டர் அபிஷேகம் வர்ற இடத்துல நின்னுபோச்சு.

காரணம் இதுதான்: ப்ளேலிஸ்ட்ங்கிற ஃபோல்டர்ல இருக்கிற எம்பிஎல்எஸ் ஃபைலுக்குள்ள படம் கிடையாது. எந்த அஞ்சு இலக்க எண், எங்க ஆரம்பிச்சு எங்க முடியணும்ங்கிற குறிப்பு மட்டும்தான். கிளிப்இன்ஃப்ங்கிற ஃபோல்டர்ல அதே எண்ணுல ஒரு சிஎல்பிஐ ஃபைல் இருக்கும். ஓட்டித் தள்ளும்போது எந்த நிமிஷம் ஃபைல்ல எங்க இருக்குன்னு அதைப் பார்த்துதான் ப்ளேயர் போகும். எண்ணை நான் அழிச்சதும் தேடிப்போக இடமில்லாம போச்சு.

பழைய எண்களையே திரும்ப வச்சேன். டிஸ்க்ல என்ன இருக்குன்னு காட்டுற பிடிஇன்ஃபோங்கிற சாஃப்ட்வேர்ல திறந்தா மூணு ப்ளேலிஸ்ட். ரெண்டு ஒரு நிமிஷம்கூட இல்லை, மெனுவுக்கானது. மூணாவது 2 மணி 10 நிமிஷம். அதைத் துண்டுகளைச் சேர்க்கிற டிஎஸ்மக்ஸர்ங்கிற சாஃப்ட்வேர்ல கொடுத்தேன். ஏழு துண்டையும் சடங்கு வரிசையிலேயே கோத்து ஒரே ஃபைலா தந்துச்சு. மறுபடி என்கோட் பண்ணாம, அதாவது படத்தைத் திரும்பச் சுருக்காம, அப்படியே கோத்ததால தரம் துளியும் குறையலை. முன்னாடி துண்டு மாறும்போது அறுந்துபோன கெட்டிமேளம் இப்ப முழுசா கேக்குது. அம்மா அந்த இடத்தை மூணு தடவை போடச் சொன்னாங்க.

*

(ஒரு வாசகரோட பின்னூட்டம்) அண்ணா, உங்க பதிவைப் படிச்சதும் என் பொண்ணோட காதுகுத்து வீடியோ ஞாபகம் வந்துச்சு. எங்க வீட்டு ப்ளேஸ்டேஷன் 3-க்கு பென் டிரைவ் ஃபேட்32-ங்கிற ஃபார்மேட்ல இருக்கணும், ஒரு ஃபைல் 4 ஜிபியைத் தாண்டக் கூடாது. டிஎஸ்மக்ஸர்லயே அளவு சொல்லி வெட்டிக்கலாம். ஃபோல்டராவே ஓடணும்னா பிடிஎம்வியை ஏவிசிஎச்டிங்கிற ஃபோல்டருக்குள்ள போட்டு, எண்ணைத் தொடாம, ஃபைல் பேர்ல புள்ளிக்கு அப்புறம் வர்ற வாலை மட்டும் சுருக்கணும்: எம்2டிஎஸ் எம்டிஎஸ் ஆகும், எம்பிஎல்எஸ் எம்பிஎல் ஆகும், சிஎல்பிஐ சிபிஐ ஆகும். நான் எல்லாம் மாத்திட்டு இண்டெக்ஸ்.பிடிஎம்வியை மட்டும் விட்டுட்டேன். ராத்திரி பூரா ஃபோல்டர் கண்ணுலயே படலை. அதை இண்டெக்ஸ்.பிடிஎம்னு மாத்தினதும் உடனே வந்துச்சு. அடுத்த தடவை மல்டிஏவிசிஎச்டிங்கிற சாஃப்ட்வேர் கையில கொடுத்துட்டேன், பேர் மாத்துற வேலையை அதுவே பார்த்துக்கிச்சு.