‘புத்திஸ்ட்’ என்ற சொல்லில் ஒரு சந்தேகம், உதவுங்கள்

நண்பர்களே, வணக்கம். ஒரு ஆங்கிலக் கட்டுரையைத் தமிழாக்கம் செய்துகொண்டிருக்கிறேன். ‘புத்திஸ்ட்’ என்ற ஒரே சொல் வரிக்கு வரி வேறு வேலை பார்க்கிறது.

‘ஷி இஸ் எ புத்திஸ்ட்’ என்றால் பெயர்ச்சொல்: அவர் பௌத்தர். ‘புத்திஸ்ட் டெம்பிள்’ என்றால் பெயரடை: பௌத்தக் கோயில். இதுவரை சரி. பிரெஞ்சில் ஆளுக்கு ‘பூதிஸ்த்’, கருத்து, கலை போன்றவற்றுக்கு ‘பூதிக்’ என்று பிரித்துச் சொல்லும் வழக்கம் உண்டு. ஆங்கிலத்தில் ‘புத்திஸ்டிக்’ என்று ஒன்று இருந்தாலும் பழைய நூல்களோடு ஏறக்குறைய வழக்கொழிந்துவிட்டது.

சிக்கல் ‘புத்திஸ்ட் ஸ்காலர்’ என்ற இடத்தில். பௌத்த நெறியைப் பின்பற்றும் அறிஞரா, பௌத்தத்தை ஆராயும் அறிஞரா? பின்னவர் எந்த மதத்தவராகவும், மதமே இல்லாதவராகவும் இருக்கலாம். ‘பௌத்த அறிஞர்’ என்று போட்டால் அதே குழப்பம் தமிழுக்கும் வந்துவிடும். ‘பௌத்தவியல் அறிஞர்’ என்றால் தெளிவு, ஆனால் மூல ஆசிரியர் சொல்லாததை நான் முடிவு செய்தது போலாகிறது.

‘புத்திஸ்ட் ஹைப்ரிட் சான்ஸ்க்ரிட்’ இன்னொரு தலைவலி. பழைய பௌத்த நூல்கள் பலவற்றில் வரும், பேச்சுவழக்கு மொழிகள் கலந்த சமஸ்கிருதம் அது; 1953-ல் அமெரிக்க மொழியியலாளர் ஃபிராங்க்ளின் எட்ஜர்டன் இலக்கணமும் அகராதியும் வெளியிட்டாரே, அந்த மொழி. ‘பௌத்தக் கலப்புச் சமஸ்கிருதம்’ போதுமா?

அப்புறம், ‘எ’ சேர்க்காமல் ‘ஹி இஸ் புத்திஸ்ட்’ என்றும் எழுதுகிறார்கள். ‘எ’ சேர்த்தால் தொனி மாறுமா? ஆங்கிலத்தில் புழங்குபவர்கள், மொழிபெயர்ப்பில் அனுபவம் உள்ளவர்கள் உதாரணத்தோடு சொன்னால் நல்லது. அகராதிப் பொருள் வேண்டாம், அதைப் பார்த்துவிட்டேன்.