கம்போடியாவில் தனிச் சுற்றுலா: கைடு சொல்வதில் எது உண்மை? நாளைக் காலைக்குள் பதில் தேவை

திண்டுக்கல் வாசி (இரவு 8.40)

வணக்கம். அப்பா, அம்மா, மனைவியோடு சியம் ரீப் வந்திருக்கிறேன். சென்னை ஏஜென்ட் ஒருவர் மூலம் ஐந்து நாளுக்குத் தனிக் கார், டிரைவர், ஆங்கிலம் பேசும் கைடு என்று பேசி முடித்தோம். மூன்று நாள் அங்கோர் கோயில்கள், அப்புறம் சாலை வழியாகத் தலைநகர் புனோம் பென். அப்பாவுக்கு 72 வயது, நன்றாக நடப்பார். அம்மாவுக்கு 67, முழங்கால் தேய்மானம். சமதளத்தில் மெதுவாக நடந்துவிடுவார், படி என்றால்தான் பயம்.

இன்று முதல் நாள். எட்டு மணிக்குக் கிளம்பியதும் கைடு நேராக ஒரு ரத்தினக் கடைக்குக் கூட்டிப்போனார். 'அரசு அங்கீகாரம் பெற்றது, பார்க்க மட்டும்தான்' என்றார். அங்கே முக்கால் மணி நேரம் போனது. அடுத்தது பட்டு நெசவுக்கூடம். அங்கோர் வாட் வாசலில் இறங்கும்போது பதினொன்றரை. அகழிப் பாலத்தைத் தாண்டி உள்ளே நீளும் கல்பாதையில் நிழலே இல்லை. அம்மா பாதி வழியில் உட்கார்ந்துவிட்டார். அப்பாவும் நானும் மட்டும் ஓடிப்போய் பார்த்துவிட்டு வந்தோம். நடுக் கோபுரத்தின் மேல்தளம் 'இன்று மூடல்' என்றார் கைடு. ஏன் என்று கேட்டால் 'புத்த நாள்' என்று ஒரே சொல்.

நாளைய திட்டம்: காலையில் குலன் மலை, பிறகு பந்தியாய் ஸ்ரே, தா ப்ரோம், பாயோன் கோயில்கள், மாலையில் பக்கேங் குன்றில் சூரிய அஸ்தமனம். எல்லாம் ஒரே நாளில். அம்மாவுக்கு நாளை ஓய்வு கொடுத்துவிட்டு மறுநாள் பார்க்கலாமா என்றேன். 'அங்கோர் நுழைவுப் பாஸ் வீணாகிவிடும், மூன்று நாளும் தொடர்ந்து போக வேண்டும்' என்கிறார். குலன் மலைக்கு ஆளுக்கு 20 டாலர் தனியாக வேண்டுமாம். ஏஜென்டோ எல்லா நுழைவுச் சீட்டும் சேர்த்துத்தான் பணம் வாங்கினார்.

எதை நம்புவது? கைடை மாற்றச் சொல்லலாமா? காலை ஏழரைக்கு வண்டி வந்துவிடும்.

டுக்டுக் ரசிகர் (8.52)

சியம் ரீப்புக்குத் தனிச் சுற்றுலாவே தண்டச் செலவு. தெருவில் ஒரு டுக்டுக்கை நாள் முழுக்கப் பேசிக்கொண்டால் சில்லறைக் காசுதான். ஏஜென்டை நம்பிப் போனால் இப்படித்தான்.

பயணப்பை (9.05)

முதலில் அவசரமான விஷயம். பாஸ் பற்றிக் கைடு சொன்னது தவறு. அங்கோர் பாஸ் மூன்று வகை: ஒரு நாளுக்கு 37 டாலர், மூன்று நாளுக்கு 62, ஏழு நாளுக்கு 72. மூன்று நாள் பாஸை வழங்கிய நாளிலிருந்து பத்து நாளுக்குள் ஏதாவது மூன்று நாளில் பயன்படுத்தலாம், தொடர்ச்சியாக இருக்க வேண்டியதில்லை. உங்கள் புகைப்படம் அச்சான சீட்டை எடுத்துப் பாருங்கள், எந்த வகை என்று அதிலேயே இருக்கும். அது கைடு கையில் இருந்தால் வாங்கி நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். கோயிலுக்குக் கோயில் அதைக் கேட்பார்கள்.

குலன் மலை விஷயத்தில் அவர் சொல்வது உண்மை. அது அங்கோர் பாஸில் சேராது, வெளிநாட்டவருக்குத் தனிக் கட்டணம், 20 டாலர்தான். ஆனால் அந்தப் பணத்தை நீங்கள் தர வேண்டுமா, ஏஜென்ட் தர வேண்டுமா என்பது வேறு கேள்வி. உங்களுக்கு அனுப்பிய திட்டத்தில் 'நுழைவுச் சீட்டுகள் உட்பட' என்று எழுதிக் குலன் மலையும் அதே தாளில் இருந்தால், அது ஏஜென்டின் பொறுப்பு. கைடோடு மல்லுக்கட்டிப் பயனில்லை.

மூடல் பற்றி: 'பாக்கான்' என்கிற அந்த உச்சித் தளத்தைப் புத்த சமய விரத நாட்களில் மூடுவார்கள். அமாவாசை, பௌர்ணமி, இரண்டு அஷ்டமி. இன்று என்ன திதி என்று உங்கள் காலண்டரில் பாருங்கள், தெரிந்துவிடும்.

டுக்டுக் ரசிகருக்கு: முழங்கால் வலியுள்ள 67 வயது அம்மாவை பந்தியாய் ஸ்ரே வரை 35 கிலோமீட்டர் டுக்டுக்கில் உட்கார வைத்துப் பாருங்கள். தவிர, டுக்டுக் டிரைவர் வாசலோடு நின்றுவிடுவார். கோயிலுக்குள் விளக்கம் சொல்ல சுற்றுலா அமைச்சக உரிமம் பெற்ற கைடுக்குத்தான் அனுமதி.

திண்டுக்கல் வாசி (9.14)

மிக்க நன்றி. பாஸ் கைடிடம்தான் இருக்கிறது. மூன்று நாள் பாஸ் என்று காலையில் நானே பார்த்தேன்.

திதியைப் பார்க்க மொபைலை எடுப்பதற்குள் 'இன்னிக்கு அஷ்டமிடா, அதான் கிளம்பும்போதே சொன்னேன்' என்கிறார் அம்மா. ஆக அந்த விஷயத்தில் கைடு பொய் சொல்லவில்லை.

ஈப்போ அக்கா (9.31)

தம்பி, நான் மாமியாரைக் கூட்டிக்கொண்டு போனவள் என்பதால் சொல்கிறேன். பாக்கான் திறந்திருந்தாலும் அம்மாவை ஏற்ற வேண்டாம். கைப்பிடி போட்ட மரப்படி இருக்கிறது, ஆனால் ஏணி மாதிரி செங்குத்து. இறங்கும்போதுதான் கால் நடுங்கும். அப்பா ஏறட்டும். தோளும் முழங்காலும் மூடிய உடை வேண்டும், தொப்பியைக் கழற்றச் சொல்வார்கள்.

அம்மா பார்க்க வேண்டியது எல்லாம் கீழேதான் இருக்கிறது. முதல் தளத்துச் சுற்று மண்டபத்தில் சுவர் நெடுகப் புடைப்புச் சிற்பங்கள். மேற்குப் பக்கம் தென் பாதியில் குருக்ஷேத்திரம், அம்புகள் தைத்துக் கிடக்கும் பீஷ்மர்கூட உண்டு. வட பாதியில் இலங்கைப் போர், அனுமன் தோளில் ராமர். கிழக்குப் பக்கம் போனால் பாற்கடல் கடைவது, ஏறத்தாழ 49 மீட்டர் நீளம். கூரை இருக்கிறது, நிழல், தரை சமம். மண்டபத்தில் ஏறும்போது சில படிகள் மட்டும் கையைப் பிடித்துக்கொள்ள வேண்டும். என் மாமியார் பாதிக் கதையை கைடுக்கே சொல்லிக்கொடுத்தார்.

அதனால் அங்கோர் வாட்டுக்கு மறுபடி ஒருமுறை போங்கள், மதியத்தில் வேண்டாம். அந்தக் கோயில் மேற்கு பார்த்தது. மூன்றரை மணிக்கு மேல் வெயில் முகப்பில் விழும், படமும் நன்றாக வரும், பாதையிலும் சூடு தணிந்திருக்கும். உள்ளே போக ஐந்தரை வரை நேரம் உண்டு. மேற்குக் கூட்டத்தில் நசுங்க மனமில்லை என்றால் கிழக்கு வாசலில் இறக்கிவிடச் சொல்லுங்கள். மண்பாதை, மர நிழல், ஆள் குறைவு. பாற்கடல் சிற்பமும் அந்தப் பக்கம்தான்.

பக்கேங் குன்று வேண்டவே வேண்டாம். குன்றிலும் ஏற வேண்டும், மேலே கோயில் படியும் ஏற வேண்டும், ஒரே சமயம் 300 பேரைத்தான் மேலே விடுவார்கள் என்பதால் வரிசையில் நிற்கவும் வேண்டும். அதற்குப் பதில் மாலையில் அங்கோர் வாட் அகழிக் கரையில் உட்காருங்கள். உள்ளூர்க் குடும்பங்கள் பாய் விரித்துச் சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள்.

கல்வெட்டுப் பித்தன் (9.48)

ஒரே நாளில் குலன், பந்தியாய் ஸ்ரே, தா ப்ரோம், பாயோன், பக்கேங் என்று போட்டவர் இந்தக் கோயில்களைப் பார்த்தவரா என்று சந்தேகமாக இருக்கிறது. குலன் மலைக்கு வரலாற்றில் பெரிய இடம் உண்டு. இரண்டாம் ஜெயவர்மன் 802இல் பேரரசனாக முடிசூட்டிக்கொண்டது அங்கேதான், ஆற்றுப் படுகையில் லிங்கங்களைச் செதுக்கி வைத்திருக்கிறார்கள். ஆனால் அது மலைப்பாதை, பாறை, ஈரம். அம்மாவை முன்னிட்டு வெட்டுவதானால் முதலில் வெட்ட வேண்டியது அதைத்தான். 20 டாலர் சண்டையும் அதோடு முடியும்.

பந்தியாய் ஸ்ரேயை மட்டும் விட்டுவிடாதீர்கள். 967இல் பிரதிஷ்டையான சிவன் கோயில், சிவந்த மணற்கல், சிறியது, ஏறக்குறைய சமதளம். மற்ற பெரிய கோயில்களைப் போல அரசன் கட்டியதும் அல்ல. யக்ஞவராகன் என்ற அரச குரு கட்டியது. கயிலையைப் பெயர்க்கும் ராவணன், மன்மதனை எரிக்கும் சிவன் எல்லாம் கண் மட்டத்துக்குச் சற்று மேலேயே இருக்கும். உள்ளே நுழையும் கிழக்குக் கோபுர வாசலின் முகப்பில் ஆடும் சிவன் இருப்பார். அவர் காலடியில் எலும்பும் தோலுமாக ஒரு பெண் உருவம். காரைக்கால் அம்மையார் என்று ஆய்வாளர்கள் அடையாளம் காட்டுவது அதைத்தான். பல கைடுகள் இதைச் சொல்வதில்லை, நீங்களே பார்த்து அப்பாவிடம் காட்டுங்கள். கோயில் கிழக்கு பார்த்தது, ஆகவே காலையில் முதல் வேலையாகப் போங்கள்.

தா ப்ரோமும் அம்மாவுக்குச் சரிவரும், பல இடத்தில் மரப்பலகை நடைபாதை போட்டிருக்கிறார்கள். ஏழாம் ஜெயவர்மன் தன் தாய் நினைவாக எழுப்பியது, கல்வெட்டில் 1186ஆம் ஆண்டு. அங்கே சீரமைப்புப் பணி செய்தவர்கள் நம் இந்தியத் தொல்லியல் துறையினர்.

பயணப்பை (10.02)

இப்போது கைடு விஷயம். என் கருத்து: இன்றிரவே மாற்றச் சொல்லாதீர்கள். இந்த நேரத்தில் கிடைக்கும் புது ஆள் இவரைவிட நல்லவராக இருப்பார் என்று என்ன நிச்சயம்? கடைக்குக் கூட்டிப்போவது பெரும்பாலும் அவர் சுபாவம் அல்ல, கணக்கு. ஏஜென்ட் உள்ளூர் நிறுவனத்துக்குக் குறைத்துக் கொடுப்பார், அந்த நிறுவனம் கைடுக்கு இன்னும் குறைத்துக் கொடுக்கும், மிச்சத்தைக் கைடு கடைக் கமிஷனில் எடுப்பார். மதியச் சாப்பாட்டுக்கு நிறுத்தும் பஃபே ஹோட்டலும் சில சமயம் இதே ரகம்தான்.

அதனால் இரண்டு வேலை செய்யுங்கள். ஏஜென்டுக்கு இப்போதே வாட்ஸ்அப்பில் எழுத்தில் அனுப்புங்கள். போனில் பேசினால் நாளை யாரும் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். இப்படி எழுதலாம்:

'இன்று திட்டத்தில் இல்லாத இரண்டு கடைகளில் காலை நேரம் போனது. நாளை முதல் எந்தக் கடையும் வேண்டாம். குலன் மலையும் பக்கேங்கும் நீக்கம். நாளை 7.00 கிளம்பிப் பந்தியாய் ஸ்ரே, மதியம் ஹோட்டலில் ஓய்வு, 3.30 அங்கோர் வாட். தா ப்ரோம், பாயோன் மறுநாள் காலை. நீக்கிய இடத்தின் நுழைவுக் கட்டணத்தைக் கணக்கில் கழிக்கவும். உள்ளூர் அலுவலகத்துக்கும் கைடுக்கும் இன்றிரவே சொல்லிவிட்டுப் பதில் அனுப்பவும்.'

அடுத்தது, காலையில் கைடிடம் தனியாக, சிரித்த முகத்தோடு பேசுங்கள். 'அம்மாவுக்கு முடியவில்லை, கடை வேண்டாம், கடைசி நாள் டிப்ஸ் நாங்கள் நன்றாகவே தருவோம்' என்று சொல்லுங்கள். நாளுக்குப் பத்துப் பதினைந்து டாலர் என்று மனதில் வைத்துக்கொள்ளலாம், டிரைவருக்குக் கொஞ்சம் குறைவாக. அப்பா அம்மா முன்னால் அவரைக் குறை சொல்லாதீர்கள். அங்கே குரலை உயர்த்தினால் காரியம் கெட்டுவிடும். இதற்குப் பிறகும் வண்டி கடை வாசலில் நின்றால் இறங்காதீர்கள். அப்போது ஆளை மாற்றச் சொல்வது நியாயம்.

தொன்லே சாப் ஏரி மிதக்கும் கிராமம் திட்டத்தில் இருக்கிறதா? இருந்தால், படகில் போகும்போது பள்ளிக்கூடக் குழந்தைகளுக்கு அரிசி மூட்டை வாங்கிக் கொடுங்கள் என்று பெரிய விலை சொல்வார்கள். பழைய உத்தி. வாங்காதீர்கள்.

திண்டுக்கல் வாசி (10.10)

ஏரி இல்லை, நல்லவேளை. மெசேஜை அப்படியே அனுப்பிவிட்டேன், ஏஜென்ட் பார்த்துவிட்டார். இன்னும் ஒன்று: அம்மா சுத்த சைவம். இன்று மதியம் 'வெஜிடேரியன்' என்று சொல்லியும் சூப்பில் மீன் வாடை வந்தது, அம்மா தொடவே இல்லை.

ஈப்போ அக்கா (10.18)

அது மீன் சாஸ். இறைச்சித் துண்டு இல்லை என்றாலே சைவம் என்று நினைத்துவிடுவார்கள். மீன் சாஸ், ப்ரஹோக் என்கிற புளித்த மீன் விழுது, சிப்பி சாஸ் மூன்றும் கூடாது என்று கைடைக் கெமர் (கம்போடிய மொழி) எழுத்தில் ஒரு தாளில் எழுதித் தரச் சொல்லுங்கள். ஹோட்டலுக்கு ஹோட்டல் அதைக் காட்டினால் போதும். இரவுக்கு ஊருக்குள் இந்தியச் சாப்பாட்டுக் கடைகள் இருக்கின்றன, மதியம் ஹோட்டலுக்கே திரும்புவதால் அதுவும் சமாளித்துவிடலாம்.

திண்டுக்கல் வாசி (மறுநாள் இரவு 8.15)

ஏஜென்ட் ஒரே வரியில் 'ஓகே' என்று பதில் போட்டார். காலையில் கைடு முதலில் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டார், டிப்ஸ் பேச்சு எடுத்ததும் இளகிவிட்டார். பாஸை எல்லாம் கொடுத்துவிட்டார். கடை எதுவும் இல்லை. பந்தியாய் ஸ்ரேயில் காரைக்கால் அம்மையாரை அப்பாதான் முதலில் கண்டுபிடித்தார். மாலை கிழக்கு வாசல் வழியாகப் போனோம். பாற்கடல் சுவர் முன்னால் அம்மா வாசுகி வால் பக்கம் யார், தலைப் பக்கம் யார் என்று கைடிடம் விசாரணை நடத்தினார். குலன் கட்டணத்தைக் கழிப்பது பற்றி ஏஜென்ட் இன்னும் வாய் திறக்கவில்லை, ஊருக்குப் போய்த்தான் கேட்க வேண்டும்.

புனோம் பென் போகும் வழியில் சம்போர் ப்ரே குக் பார்க்கலாம் என்கிறார் கைடு. எரிபொருளுக்குத் தனியாகப் பணம் கேட்கிறார். இதிலும் கமிஷன் உண்டா?

கல்வெட்டுப் பித்தன் (8.40)

அதில் கமிஷனுக்கு வழி இல்லை, கேட்பது நியாயம்தான். கம்போங் தோம் நகரிலிருந்து சுமார் 30 கிலோமீட்டர் விலகிப் போய்த் திரும்ப வேண்டும், நுழைவுச் சீட்டும் தனி. அங்கோருக்கு முந்தைய ஏழாம் நூற்றாண்டுத் தலைநகர், ஈசானபுரம். எண்கோணச் செங்கல் கோயில்கள், காட்டு நிழல், நடை சமதளம், 2017இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. உங்கள் அப்பாவுக்கு மிகவும் பிடிக்கும்.

பயணப்பை (8.52)

போங்கள், ஆனால் ஆறரைக்கே கிளம்ப வேண்டும். நேராகப் போனாலே சியம் ரீப்பிலிருந்து புனோம் பென் 300 கிலோமீட்டருக்கு மேல், ஐந்தாறு மணி நேரம். இதையும் சேர்த்தால் போய்ச் சேர மாலையாகிவிடும். எரிபொருள் தொகையை முன்கூட்டியே பேசி ஏஜென்டுக்கும் ஒரு வரி போட்டுவிடுங்கள். டாலர் நோட்டு கிழிசல் இல்லாமல் இருக்கட்டும், ஓரம் கிழிந்திருந்தால்கூட வாங்க மாட்டார்கள். புனோம் பென்னில் துவோல் ஸ்லெங் சிறை அருங்காட்சியகம் (கெமர் ரூஜ் ஆட்சியில் கைதிகளைச் சித்திரவதை செய்த இடம்) திட்டத்தில் இருந்தால், அங்கே என்ன நடந்தது என்று அம்மாவிடம் முன்பே சொல்லிவிட்டு, வருகிறாரா என்று கேட்டுக்கொள்ளுங்கள். வேண்டாம் என்றால் அந்த நேரத்தில் அரண்மனையைப் பார்த்துக்கொண்டிருக்கட்டும்.

ஈப்போ அக்கா (9.03)

வழியில் அம்மாவுக்குச் சைவச் சாப்பாடு கிடைப்பது கஷ்டம் தம்பி. ஹோட்டலில் முதல் நாள் இரவே சொல்லி வெறும் சோறும் வதக்கிய காய்கறியும் டப்பாவில் கட்டி வாங்கிக்கொள்ளுங்கள்.